குயிம்பியின் பெயர் இருக்கட்டும், பக்கத்தில் இரண்டு பெயர் சேருங்கள்

ஆஸ்கர் விருது வழங்கும் அகாடமியின் அனிமேஷன் பிரிவு உறுப்பினர்களுக்கும், விருதுப் பதிவேட்டைப் பராமரிப்பவர்களுக்கும் வணக்கம்.

நான் சென்னையில் ஓர் அனிமேஷன் ஸ்டுடியோவில் தயாரிப்பு மேலாளராக இருக்கிறேன். வரைகிற ஆள் இல்லை. வரைகிறவர்களுக்கு வேலை தடங்கலில்லாமல் போய்ச் சேருகிறதா, முடிந்த ஷாட் நேரத்துக்குத் திரும்பி வருகிறதா, சம்பளத் தேதியில் கணக்கில் பணம் இருக்கிறதா என்று பார்க்கிற ஆள். சுற்றி வளைக்காமல் கோரிக்கையைச் சொல்லிவிடுகிறேன். 1932இல் கார்ட்டூன் குறும்படங்களுக்கு நீங்கள் விருது கொடுக்க ஆரம்பித்தீர்கள். அதிலிருந்து பல பத்தாண்டுகளுக்கு உங்கள் பதிவேட்டில் படத்தின் பெயருக்கு எதிரே தயாரிப்பாளர் பெயர்தான் நிற்கிறது. அதற்குப் பக்கத்தில் இயக்குநர் பெயரையும் சேர்த்துவிடுங்கள். புதிதாகச் சிலை வார்க்கச் சொல்லவில்லை, கொடுத்ததைத் திரும்ப வாங்கவும் சொல்லவில்லை. படத்துக்கு ஒரு வரி போதும்.

தயாரிப்பு வேலை பார்க்கிற ஆளே இப்படிக் கேட்பது வேடிக்கையாகத் தோன்றலாம். காரணம் இருக்கிறது, வருகிறேன்.

தமிழ்நாட்டில் தொண்ணூறுகளில் கேபிள் டிவி பார்த்து வளர்ந்தவர்களுக்கு ஃபிரெட் குயிம்பி என்ற பெயர் அத்துப்படி. ஆள் யார், என்ன செய்தார் என்றெல்லாம் தெரியாது, பெயர் தெரியும். டாம் அண்ட் ஜெர்ரி தொடங்கும்போது சிங்கம் உறுமி முடித்ததும் வருகிற அட்டைகளில் அந்தப் பெயர் தனியாக, பளிச்சென்று நிற்கும். பூனையையும் எலியையும் வரைந்ததே அவர்தான் என்று எங்களில் பாதிப் பேர் நம்பிக்கொண்டிருந்தோம். அந்த அட்டைகளிலாவது இயக்கம் வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பெரா என்று இன்னொரு வரி இருந்தது. உங்கள் பதிவேட்டில் அதுவும் கிடையாது. இன்றைக்கு அதைத் திறந்து பார்க்கிற ஒரு கல்லூரிப் பிள்ளை நாங்கள் பள்ளிக்கூட வயதில் வந்த முடிவுக்குத்தான் வந்து சேர்வாள்.

குயிம்பி 1886இல் மினியாபொலிஸில் பிறந்தவர். 1907இல் மொன்டானா மாநிலத்தின் மிசூலா என்கிற ஊரில் சினிமா தியேட்டர் நடத்திக்கொண்டிருந்தார். பிறகு பாத்தே என்கிற சினிமா நிறுவனம். 1924இல் எம்.ஜி.எம். என்கிற ஹாலிவுட் ஸ்டுடியோவுக்கு வந்து குறும்படப் பிரிவுக்குப் பொறுப்பேற்றார். 1937இல் எம்.ஜி.எம். வெளியாட்களை வைத்துக் கார்ட்டூன் எடுப்பதை நிறுத்திவிட்டுச் சொந்த ஸ்டுடியோ கட்ட முடிவு செய்தபோது, அந்த வேலை இவர் தலையில் விழுந்தது. பென்சில் பிடித்து ஒரு கோடு இழுத்தவரில்லை. சிரிக்கவே தெரியாத மனிதர் என்பது அவரிடம் வேலை பார்த்தவர்கள் வைத்த புகார்.

தொடக்கமும் சொதப்பல்தான். செய்தித்தாள் சித்திரத் தொடர் ஒன்றின் உரிமையை வாங்கி, போட்டி ஸ்டுடியோவான வார்னர் பக்கமிருந்து இயக்குநர் ஃபிரிஸ் ஃபிரீலெங்கை அதிகச் சம்பளத்துக்கு இழுத்து வந்து எடுத்த படங்கள் எடுபடவில்லை. ஃபிரீலெங் பழைய இடத்துக்கே திரும்பிப் போனார். செலவு அதிகம் செய்கிறார்கள் என்று எம்.ஜி.எம். வெளியே அனுப்பிய கார்ட்டூன் இயக்குநர்கள் ஹார்மனையும் ஐசிங்கையும் குயிம்பி மறுபடி உள்ளே கூப்பிட வேண்டியிருந்தது. எங்கள் தொழிலில் இருக்கிற யாருக்கும் இந்தப் படலம் புதிதில்லை.

1940 பிப்ரவரியில் ஒரு பூனையும் எலியும் மோதிக்கொள்ளும் படம் வந்தது. பூனைக்கு அப்போது ஜாஸ்பர் என்று பெயர். படத்தை உருவாக்கியவர்கள் ஹன்னாவும் பார்பெராவும். திரையில் வந்த பெயரோ ரூடால்ஃப் ஐசிங். அந்தப் படம் உங்கள் பரிந்துரைப் பட்டியல் வரைக்கும் போனது. அந்த வருடம் வென்றது ஐசிங்கின் இன்னொரு படமான 'தி மில்கி வே'. டிஸ்னி அல்லாத ஒரு ஸ்டுடியோ இந்தப் பிரிவில் வென்றது அதுதான் முதல் தடவை. பூனை, எலி போதும், ஒரே சரக்கை நம்பி உட்கார வேண்டாம், வேறு ஏதாவது எடுங்கள் என்று குயிம்பி சொல்லிவிட்டார். டெக்ஸாஸில் தியேட்டர்களில் ஓட்டுவதற்குப் படங்களைத் தேர்ந்து வாங்கும் ஒரு பெண்மணி, அந்தப் பூனை எலிப் படம் இன்னொன்று எப்போது வரும் என்று கேட்டுக் கடிதம் போட்ட பிறகுதான் அவர் மனம் மாறியது. ஸ்டுடியோவுக்குள் பெயர்ப் போட்டி வைத்தார்கள். டாம், ஜெர்ரி என்று எழுதிப் போட்ட அனிமேட்டருக்கு 50 டாலர் பரிசு.

அதன் பிறகு நடந்ததுதான் உங்கள் பதிவேட்டில் இருக்கிறதே. 1943க்கான விருது 'தி யாங்கி டூடுல் மவுஸ்'. அடுத்த மூன்று வருடமும் வரிசையாக அதே பூனை, அதே எலி. பிறகு 1948, 1951, 1952. ஆக ஏழு. பதின்மூன்று முறை பரிந்துரை. ஏழு சிலையும் குயிம்பி கைக்குப் போயின. ஸ்டோரிபோர்டு வரைந்து தள்ளிய பார்பெராவுக்கும், ஒவ்வோர் அடியும் எத்தனையாவது ஃபிரேமில் விழ வேண்டும் என்று கணக்குப் போட்ட ஹன்னாவுக்கும் எதுவும் இல்லை. டாம் அடி வாங்கும்போது வீடே அதிர அலறுவானே, அந்தக் குரல்கூட ஹன்னாவுடையது.

'தி கேட் கான்செர்ட்டோ'வை ஒரு தடவை சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். லிஸ்ட்டின் ஹங்கேரியன் ராப்சடி இரண்டாம் எண்ணை டாம் வாசிக்கிறான். விரல்கள் பியானோ கட்டைகளில் விழும் இடம், ஜெர்ரி உள்ளேயிருந்து சுத்தியலைப் பிடித்துக்கொள்ளும் இடம், டாம் முகம் சுளித்தும் அவைக்கு முன்னால் கம்பீரம் குறையாமல் இருக்கப் பார்க்கும் இடம், எல்லாமே இசையே கேட்காமல் இசையாகத் தெரியும். எங்கள் ஸ்டுடியோவில் புதிதாகச் சேரும் பையன்களுக்கு டைமிங் என்றால் என்ன என்று விளக்க இன்னமும் இந்தப் படத்தைத்தான் ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்திக் காட்டுகிறோம். இதற்கு எதிரே உங்கள் ஏட்டில் இருக்கிற ஒரே பெயர், மிசூலாவில் தியேட்டர் நடத்தியவருடையது.

வார்னர் கதை இன்னும் மோசம். 1944இல் லியோன் ஷ்லெசிங்கர் கார்ட்டூன் ஸ்டுடியோவை வார்னருக்கு விற்றுவிட்டுப் போன பிறகு எட்டி செல்சர் என்பவரை மேலே உட்கார வைத்தார்கள். ஒருநாள் இயக்குநர் சக் ஜோன்ஸும் கதாசிரியர் மைக்கேல் மால்ட்டீஸும் என்ன எடுக்கலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது செல்சர் வாசலில் வந்து நின்று, காளைச் சண்டையில் சிரிக்க ஒன்றும் இல்லை, அதை வைத்துப் படம் எடுக்கக் கூடாது என்று சொல்லிவிட்டுப் போனாராம். அதுவரை அவர்களுக்கு அந்த நினைப்பே இல்லை. மனிதர் வேண்டாம் என்று சொன்னால் அதில் ஏதோ இருக்கும் என்று 1953இல் எடுத்துவிட்டார்கள். பக்ஸ் பன்னியின் படங்களில் அது ஒன்றாந்தரம். பெப்பே லெ பியூ என்கிற காதல் மன்னன் ஸ்கங்க்கும் செல்சருக்குப் பிடிக்காது. அவன் படத்துக்கு 1949க்கான விருது வந்தபோது போய் வாங்கியவர் செல்சர். சில்வெஸ்டர் என்கிற பூனையோடு ட்வீட்டி என்கிற குருவியைச் சேர்க்காதே, மரங்கொத்தியைப் போடு என்று அவர் பிடிவாதம் பிடிக்க, ஃபிரீலெங் பென்சிலை மேசையில் வைத்துவிட்டு நீங்களே எடுத்துக்கொள்ளுங்கள் என்று கிளம்பிவிட்டார். கடைசியில் ட்வீட்டியை வைத்தே எடுத்த படம் 1947க்கான ஆஸ்கரை வாங்கியது. சிலை யாருக்கு என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

இந்த இடத்தில் என் கட்சிக்காரர்களுக்காகவும் கொஞ்சம் பேச வேண்டும். மேலே சொன்ன கதைகள் எல்லாம் இயக்குநர்கள் பேட்டிகளிலும் சுயசரிதைகளிலும் சொன்னவை. ஜோன்ஸ் எழுதினார், பார்பெரா எழுதினார், ஹன்னா எழுதினார். மூவரும் அருமையாகக் கதை சொல்லத் தெரிந்தவர்கள். அதுதானே அவர்கள் தொழில். குயிம்பியும் செல்சரும் புத்தகம் எழுதவில்லை. எம்.ஜி.எம். கார்ட்டூன்கள் பட்ஜெட்டில் போட்டியாளர்களைவிடத் தாராளமாக இருந்தன. அந்தத் தாராளம் வானத்திலிருந்து விழவில்லை, மேலிடத்தில் யாரோ ஒருவர் வருடா வருடம் உட்கார்ந்து பேசி வாங்கித்தான் வந்திருப்பார். ஷ்லெசிங்கரோடு முட்டிக்கொண்டு 1941இல் வெளியே வந்த இயக்குநர் டெக்ஸ் ஏவரிக்கு இடம் கொடுத்ததும் குயிம்பியின் ஸ்டுடியோதான். ஏவரியின் நகைச்சுவை அவருக்குப் புரிந்திருக்க வாய்ப்பே இல்லை. புரியாத ஒன்றுக்குப் பணம் கட்டிக்கொண்டே இருப்பது சாதாரணக் காரியமில்லை.

தயாரிப்பு வேலை எப்படிப்பட்டது என்பதற்கு ஒரு சின்ன உதாரணம். வெள்ளிக்கிழமை மாலை கிளம்பப் போகிற நேரத்தில் கிளையன்ட்டிடமிருந்து ரீடேக் பட்டியல் வரும். முப்பது ஷாட்டில் ஏதாவது ஒரு குறை. அதில் பத்து நம் தவறு, பத்து அவர்கள் முதலில் ஒப்புக்கொண்டு இப்போது மனம் மாறியது, மீதிப் பத்து யார் தவறென்று கடவுளுக்கே தெரியாது. எதற்குக் கூடுதல் பணம் கேட்கலாம், எதற்கு வாயை மூடிக்கொள்ள வேண்டும், எந்த அனிமேட்டருக்கு வீட்டில் உடம்பு சரியில்லாத குழந்தை இருக்கிறது, யாரைக் கூப்பிட்டால் முகம் கோணாமல் வருவான் என்பதையெல்லாம் லிஃப்ட் கீழே இறங்குவதற்குள் முடிவெடுக்க வேண்டும். இதற்கெல்லாம் விருது கேட்கவில்லை. ஆனால் தயாரிப்பாளர் என்றால் சுருட்டுப் பிடித்துக்கொண்டு காசோலையில் கையெழுத்துப் போடுகிறவர் என்று நினைக்கிறவர்களிடம் எனக்குச் சண்டை உண்டு.

நீங்களும் கொஞ்ச காலம் அப்படித்தான் நினைத்தீர்கள். இங்கேதான் உங்கள் ஏட்டின் இன்னொரு விசித்திரம். முழுநீள அனிமேஷன் படத்துக்கான விருதை 2001ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து தொடங்கினீர்கள். முதல் விருது 'ஷ்ரெக்'. சிலையை வாங்கியவர் தயாரிப்பாளர் ஆரன் வார்னர். இரண்டு இயக்குநர்கள் இருந்தும் அவர்கள் பெயர் இல்லை. அடுத்த வருடமே வண்டி எதிர்ப்பக்கம் திரும்பியது. 'ஸ்பிரிட்டட் அவே'க்கான விருதில் ஜப்பானிய இயக்குநர் ஹயாவோ மியாசாகி பெயர் மட்டும். அதன் பிறகு பத்து வருடத்துக்கு மேல் இயக்குநர்கள் காலம். 2013ஆம் ஆண்டுப் படமான 'ஃப்ரோஸன்' விருதில்தான் இயக்குநர்களோடு தயாரிப்பாளர் பீட்டர் டெல் வெக்கோ பெயரும் சேர்ந்து வந்தது.

இடையில் விழுந்தவர்களைப் பாருங்கள். 'டாய் ஸ்டோரி 3' படத்தின் தயாரிப்பாளர் டார்லா ஆண்டர்சன். சிறந்த படத்துக்கான போட்டியில் அவர் பெயர் இருந்தது; வென்ற அனிமேஷன் விருதில் இல்லை. 'அப்' படத்தின் ஜோனஸ் ரிவேராவுக்கும் இதே கதை. ரிவேராவுக்கு 'இன்சைட் அவுட்', ஆண்டர்சனுக்கு 'கோகோ' வரும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இந்த வரிசையில் எனக்கு மிகவும் உறுத்துவது 'ஸ்பிரிட்டட் அவே'யின் தயாரிப்பாளர் டோஷியோ சுசுகி. 1970களில் தோக்குமா பதிப்பகத்தில் பத்திரிகைக்காரராக நுழைந்தவர். அனிமேஷன் பத்திரிகை நடத்தும்போது மியாசாகியைப் பிடித்தார். மியாசாகியின் திரைப்பட யோசனையை, மூலக்கதை இல்லாத படத்துக்குப் பணம் போட முடியாது என்று தள்ளிவிட்டார்கள். அப்படியானால் மூலக்கதையை உண்டாக்கிவிடலாம் என்று 1982இல் அதே பத்திரிகையில் 'நௌசிகா'வை சித்திரத் தொடராகவே தொடங்கினார்கள். 1984இல் படம் வந்தது. 'டோட்டோரோ'வுக்குத் தனியாகப் பணம் புரட்ட முடியாமல் போனபோது, இசாவோ தகஹாட்டாவின் போர்க்காலப் படத்துடன் ஜோடி சேர்த்து 1988இல் இரண்டையும் ஒரே காட்சியில் திரைக்குக் கொண்டுவந்தார்கள். 2023இல் மியாசாகியின் படத்துக்கு டிரெய்லர் கிடையாது, விளம்பரம் கிடையாது, ஒரே ஒரு சுவரொட்டி என்று துணிந்து முடிவெடுத்தவரும் சுசுகி. இதில் எதையும் அவர் வரைந்து செய்யவில்லை. ஆனால் இவர் இல்லாமல் அந்தப் படங்கள் திரைக்கு வந்திருக்காது. 2003 மேடையில் இல்லாத அவர் பெயர் 2024 மார்ச்சில்தான் மியாசாகி பெயரோடு சேர்ந்து உங்கள் ஏட்டில் வென்றவர்கள் வரிசையில் ஏறியது.

ஆக, ஒரு காலத்தில் இயக்குநரை விட்டீர்கள், இன்னொரு காலத்தில் தயாரிப்பாளரை விட்டீர்கள். இப்போது இருவரையும் எழுதுகிறீர்கள், நல்லது. பழைய பக்கங்கள் மட்டும் அப்படியே கிடக்கின்றன. அவற்றில் சில பார்க்கவே சிரிப்பாக இருக்கும். 1956க்கான கார்ட்டூன் விருதுப் போட்டியில் மூன்று படங்கள், மூன்றும் யு.பி.ஏ. ஸ்டுடியோ படங்கள், மூன்றுக்கும் எதிரே தயாரிப்பாளர் ஸ்டீபன் போசுஸ்டோ என்ற ஒரே பெயர். அன்றைக்கு யார் தோற்றிருப்பார் என்று பதற்றப்பட அவருக்கு அவசியமே இருந்திருக்காது! ஃபிரீலெங் முதன்முதலாகச் சிலையைக் கையில் வாங்கியது 'தி பிங்க் ஃபிங்க்' படத்துக்காக, அதுவும் தயாரிப்பாளர் என்ற தகுதியில். ஹன்னா, பார்பெரா பெயர்கள் உங்கள் பரிந்துரைப் பட்டியலில் முதலில் ஏறியது 1955 படத்துக்கு; அந்த வருடம்தான் குயிம்பி ஓய்வு பெற்று, அவர்களும் தயாரிப்பாளர்கள் ஆனார்கள். அந்த இருவருக்கும் போட்டி ஆஸ்கர் கிடைக்கவே இல்லை. 1957இல் எம்.ஜி.எம். தன் கார்ட்டூன் ஸ்டுடியோவையே மூடிவிட்டது.

இதை விதி என்பீர்கள். அந்தக் காலத்து விதிப்படி விருது தயாரிப்பாளருக்குத்தான், ஏடு நடந்ததைத்தானே காட்ட வேண்டும் என்பீர்கள். சரிதான். ஆனால் நீங்களே ஏட்டைத் திருத்தியிருக்கிறீர்கள். கம்யூனிஸ்ட் என்று சொல்லி ஹாலிவுட் பலருக்கு வேலை மறுத்த கறுப்புப் பட்டியல் காலத்தில் பொய்ப் பெயரில் எழுதிய திரைக்கதாசிரியர் டால்டன் டிரம்போவுக்கு, 1956ஆம் ஆண்டுப் படத்துக்கான சிலையை 1975இல் கொடுத்தீர்கள். 'ரோமன் ஹாலிடே'க்கானதை அவர் இறந்த பிறகு 1993இல் கொடுத்தீர்கள். 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' படத்தை எழுதிய கார்ல் ஃபோர்மன், மைக்கேல் வில்சன் பெயர்களை அவர்கள் மறைந்த பின் 1980களில் சேர்த்தீர்கள். அவர்களுக்கு நடந்தது அரசியல் கொடுமை, கார்ட்டூன்காரர்களுக்கு நடந்தது அலுவலக வழக்கம். இரண்டையும் ஒரே தராசில் வைக்கவில்லை. ஏடு கல்வெட்டு இல்லை, தொட்டால் தொடலாம் என்பதற்கு மட்டும் அந்த உதாரணங்கள்.

எனக்கு ஏன் இவ்வளவு அக்கறை என்றால், இந்த வழக்கம் எங்கள் வீட்டு வாசல் வரை வந்திருக்கிறது. ஒரு வெளிநாட்டுத் தொடரின் முழு சீசனும் எங்கள் ஸ்டுடியோவில் செய்தோம். அனிமேட்டர்கள், லைட்டிங், காம்போசிட்டிங் என்று எல்லோர் பெயரையும் எழுத்துப் பிழை பார்த்துத் தட்டச்சு செய்து அனுப்பினேன். ஒளிபரப்பானபோது ஸ்டுடியோ பெயர் ஒரே வரியில் ஓடி மறைந்தது, அவ்வளவுதான். கடைசி அட்டைக்கு நேரம் இல்லை என்று பதில் வந்தது. ஒரு பையன் அம்மாவை டிவி முன் உட்கார வைத்துக் காத்திருந்தான். இயக்குநர் பெயர் விடுபடுவது, அனிமேட்டர் பெயர் விடுபடுவது, தயாரிப்பு ஆள் பெயர் விடுபடுவது எல்லாம் ஒரே பழக்கத்திலிருந்து வருகிறது. ஹன்னாவும் பார்பெராவும்கூட இதற்கு விலக்கில்லை. தாங்களே முதலாளிகள் ஆன பிறகு அவர்கள் இருவர் பெயரும் ஒரு முத்திரையாகி, அடியில் இருந்தவர்களை மூடிவிட்டது. ஸ்கூபி டூவின் உருவத்தை வடிவமைத்த இவாவோ தகமோட்டோவின் பெயர் எங்கள் ஊரில் எத்தனை பேருக்குத் தெரியும்? குயிம்பி பெயர் எல்லோருக்கும் தெரியும்.

வேலை பெரிதில்லை. எம்.ஜி.எம்., வார்னர், யு.பி.ஏ. படங்களில் இயக்குநர் பெயர் திரையிலேயே இருக்கிறது; பார்த்து எழுதிவிடலாம். முப்பதுகளின் டிஸ்னி குறும்படங்களில் திரையில் பெயர் வராது என்பது உண்மை. ஆனால் முதல் விருது வாங்கிய 'ஃபிளவர்ஸ் அண்ட் ட்ரீஸ்' பர்ட் ஜில்லெட் இயக்கியது என்பது உலகுக்கே தெரிந்த செய்தி. மற்றவற்றைச் சரிபார்க்க உங்களிடமே மார்கரெட் ஹெரிக் நூலகம் இருக்கிறது. வென்றவர் என்ற கட்டத்தைத் தொட வேண்டாம். கீழே சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு போதும். மாதிரிக்கு:

தி கேட் கான்செர்ட்டோ, 1946. தயாரிப்பு: ஃபிரெட் குயிம்பி. இயக்கம்: வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பெரா.

அனிமேட்டர்களையும் சேர்க்கலாமே என்று கூட்டத்தில் யாராவது எழுந்து சொன்னால் தடுக்காதீர்கள். அந்தப் படத்துக்கு கென்னத் மியூஸ், எட் பார்ஜ், இர்வென் ஸ்பென்ஸ் என்று எழுதத் தொடங்கலாம். இசைக்கு ஸ்காட் பிராட்லி.

இப்படிக்கு,
சென்னையிலிருந்து ஓர் அனிமேஷன் தயாரிப்பு மேலாளர்